தினக்கூலிக் காலம் ஓய்வூதியத்தில் சேருமா?

கேள்வி: வனத்துறையில் 1990 பிப்ரவரி முதல் வேட்டைத் தடுப்புக் காவலராகத் தினக்கூலிக்கு வேலை பார்த்தேன். 2000 அக்டோபர் 1-ஆம் தேதி வனக்காவலராக நிரந்தரம் செய்தார்கள். 2024 ஜூன் 30-ல் ஓய்வு பெற்றேன். நிரந்தரமான பிறகு பார்த்த வேலையை மட்டுமே பென்ஷன் கணக்கில் எடுத்திருக்கிறார்கள். கேட்டால், "கூலிக்குப் பார்த்த வேலைக்கெல்லாம் பென்ஷன் கிடையாது" என்கிறார்கள். என்னோடு காட்டில் கிடந்த என் தம்பிக்கு 2007-ல்தான் நிரந்தரம் ஆனது. அவனுக்கும் ஏதாவது வழி உண்டா?
- ஓய்வுபெற்ற வனக்காவலர், தேவர்சோலை

பதில்: உங்களுக்கு உண்டு. தம்பிக்குப் பெரும்பாலும் இல்லை. ஒரே காட்டில் ஒரே வேலை பார்த்த உங்கள் இருவரையும் சட்டம் பிரிப்பது 2003 ஏப்ரல் 1 என்ற தேதியால்.

தமிழ்நாடு ஓய்வூதிய விதிகள், 1978-இல் 11-ஆவது விதியை எடுத்துப் பாருங்கள். 1961 ஜனவரி 1-க்குப் பிறகு தினக்கூலி, தொகுப்பூதியம், மதிப்பூதியம் ஆகியவற்றில் பார்த்த அரசுப் பணியில் பாதியை, நிரந்தரப் பணியோடு சேர்த்து ஓய்வுக்காலப் பலன்களுக்குக் கணக்கிட வேண்டும் என்கிறது அதன் 4-ஆம் உட்பிரிவு. 2003 ஏப்ரல் 1-க்கு முன் நிரந்தரமாகியிருக்க வேண்டும். பார்த்தது முழுநேர வேலையாக இருக்க வேண்டும். இடையில் முறிவில்லாமல் நிரந்தரப் பணியில் போய்ச் சேர்ந்திருக்க வேண்டும். "கூலிக்குப் பென்ஷன் கிடையாது" என்ற பேச்சு இந்த விதியைப் படிக்காதவர் சொல்வது.

இதனால் என்ன லாபம் என்று கணக்குப் போட்டுவிடலாம். உங்கள் நிரந்தரப் பணி 23 ஆண்டு 9 மாதம். ஓய்வூதியத்துக்குப் பணிக்காலத்தை அரையாண்டுகளாக எண்ணுவார்கள், மூன்று மாதமோ அதற்கு மேலோ மிஞ்சினால் அதுவும் ஓர் அரையாண்டு. ஆக 48 அரையாண்டு. தினக்கூலிக் காலம் 10 ஆண்டு 8 மாதம். அதில் பாதி 5 ஆண்டு 4 மாதம். சேர்த்தால் 29 ஆண்டு 1 மாதம், அதாவது 58 அரையாண்டு. முழு ஓய்வூதியத்துக்கு 60 வேண்டும். கடைசிச் சம்பளத்தில் ஒவ்வொரு 10,000 ரூபாய்க்கும் இப்போது 4,000 வருகிறது என்றால், இனி 4,833 வர வேண்டும். அகவிலைப்படியும் அதற்கேற்ப ஏறும். அரையாண்டுக்குக் கால் மாதச் சம்பளம் என்ற கணக்கில் பணிக்கொடையும் 12 மாதத்திலிருந்து பதினான்கரை மாதச் சம்பளமாகும்.

சிக்கல் வருமானால் 'முறிவில்லாமல்' என்ற இடத்தில்தான் வரும். ஜனவரி முதல் மே வரை காட்டுத்தீ காலத்துக்கு மட்டும் ஆள் எடுத்து, மழை இறங்கியதும் அனுப்பிவிடும் தீத்தடுப்புக் காவலர் வேலை தொடர் பணியாகாது. நீங்கள் வருடம் முழுக்க முகாமில் இருந்தீர்கள் என்பதை ஏடு காட்ட வேண்டும். மஸ்டர் ரோல், கூலிப் பட்டுவாடாப் பட்டியல், உங்களை நிரந்தரம் செய்யச் சொல்லி மேலே அனுப்பிய கருத்துரு, பணிப்பதிவேட்டின் முதல் பக்கங்கள் ஆகியவற்றின் நகலைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும். இவற்றில் அந்தக் கருத்துருதான் பெரும்பாலும் கைகொடுக்கும். "இன்ன தேதி முதல் தொடர்ந்து பணியாற்றி வருகிறார்" என்று துறையே அதில் எழுதியிருந்தால், பிறகு மறுப்பது கடினம்.

நகல்கள் வந்ததும், திருத்திய ஓய்வூதியக் கருத்துருவை மாநிலக் கணக்காயருக்கு அனுப்பக் கோரி மாவட்ட வன அலுவலருக்குப் பதிவுத் தபாலில் மனு கொடுங்கள். மறுத்தாலோ பதிலே இல்லை என்றாலோ சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. உங்கள் நீலகிரி மாவட்டம் அதன் மதுரைக் கிளையின் எல்லைக்குள் வராது. இப்படிப்பட்ட வழக்குகளில் நிலுவைத் தொகையை ரிட் மனுப் போட்ட நாளுக்கு முந்தைய மூன்று ஆண்டுகளோடு நிறுத்திவிடலாம் என்று தர்சேம் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2008-இல் சொல்லியிருக்கிறது. 2027 ஜூனைத் தாண்டவிட்டால் ஒவ்வொரு மாதமும் ஒரு மாத நிலுவை கைவிட்டுப் போகும்.

இனி தம்பி. ஆர். கலியமூர்த்தி வழக்கில் சென்னை உயர் நீதிமன்ற முழு அமர்வு 2019-இல் இந்தக் கேள்விக்கு விடை சொல்லிவிட்டது: 2003 ஏப்ரல் 1-க்குப் பிறகு நிரந்தரமானவர்கள் பழைய தினக்கூலிக் காலத்தில் பாதியைக் கோர முடியாது. அதே ஆண்டு பிரேம் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் இத்தகைய ஊழியர்களுக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்ததைக் காட்டிச் சிலர் நம்பிக்கை ஊட்டுவார்கள். அது உத்தரப்பிரதேச விதிகளைப் பற்றியது. நிரந்தரம் செய்வதில் தாமதித்தது அரசு, இழப்பு மட்டும் தொழிலாளிக்கு என்பது எனக்கு நியாயமாகப் படவில்லை. ஆனாலும் கடன் வாங்கி வழக்குப் போடச் சொல்ல மாட்டேன். ஒன்றை மட்டும் பார்க்கச் சொல்லுங்கள்: 2003 ஏப்ரல் 1-க்கு முன் அவருக்கு அரசுப் பணி விதிகளின் 10(அ)(1) விதியின் கீழ் தற்காலிக நியமன ஆணை ஏதும் தந்தார்களா? தந்திருந்தால் அதே கலியமூர்த்தி தீர்ப்பு அவருக்குச் சாதகமாகும்.

நீங்கள் பட்டியல் சாதியினரோ பழங்குடியினரோ என்றால், வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவச வழக்கறிஞர் கிடைப்பார். ஊட்டியில் உள்ள மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் ஓய்வூதிய ஆணையோடு போய் விண்ணப்பியுங்கள்.