எண்ணெய்த் தொட்டியும் வழித் தூரமும்

ஒரு சரக்கு வண்டியின் பயன் அது தாங்கும் பாரத்தினால் மட்டும் அறியப்படுவதன்று. ஒருமுறை எண்ணெய் நிரப்பினால் இடையில் நில்லாது எத்துணைத் தூரம் செல்லும் என்பதும் அதன் பயனை வரையறுப்பதாகும். இது பொறியியல் பயில்வோர்க்கே உரிய செய்தி எனப் பலர் எண்ணக்கூடும். ஆயினும் பெருக்கலும் வகுத்தலும் அறிந்த எவரும் இதனைக் கற்கலாம். கற்றால் பொருள் விரயமும் வழித் துன்பமும் பெரிதும் குறையும்.

மார்த்தாண்டத்திற்கு வடக்கே மலையடிவாரத்தை நோக்கிச் செல்லும் வழியிலுள்ள அருமனையை எடுத்துக் கொள்வோம். இவ்வூரையும் இதன் அயலூர்களையும் சூழ்ந்து ரப்பர்த் தோட்டங்களும் வாழைத் தோட்டங்களும் உள்ளன. ரப்பர் ஷீட்டும், வாழைக்குலையும், மரச்சீனியும் சந்தைக்குச் செல்வது பெரும்பாலும் சிறு வண்டிகளிலேயே. அவ்வண்டிகளுள் பல, கடன் பெற்று வாங்கிய ஒருவர் தாமே ஓட்டிப் பிழைப்பவை. அத்தகையோர்க்கு ஒரு லிட்டர் எண்ணெய் வீணாவதும், பாதி வழியில் வண்டி நிற்பதும் அன்றைய வருவாயையே போக்கிவிடும். ஆகவே இஃது ஏட்டுக் கணக்கு மட்டுமன்று; குடும்பக் கணக்குமாகும்.

இச்சிறு வண்டிகளை நம் மாவட்டத்தார் பொதுவாக 'டெம்போ' என்றே அழைப்பர். அது ஜெர்மனி தேசத்து ஹாம்பர்க் நகரில் வண்டி செய்த ஒரு தொழிற்சாலையின் பெயர். அதன் துணையோடு 1958ஆம் ஆண்டில் இந்தியாவில் பஜாஜ் டெம்போ என்னும் நிறுவனம் தோன்றிற்று. 2005இல் அந்நிறுவனம் போர்ஸ் மோட்டார்ஸ் எனப் பெயர் மாறியது. ஆனால் மக்கள் நாவில் டெம்போ மாறவில்லை. அதே 2005ஆம் ஆண்டில் டாட்டா நிறுவனத்தார் ஏஸ் என்னும் சிறு வண்டியை வெளியிட்டனர். தமிழ்நாட்டார் அதற்குக் 'குட்டி யானை' என்று பெயரிட்டனர். 2011இல் அசோக் லேலண்டு நிறுவனத்தின் தோஸ்த் வந்தது.

முதலில் வெளிவந்த ஏஸ் வண்டியின் யந்திரம் இரண்டு சிலிண்டர்களும் 702 கன சென்டிமீட்டர் கொள்ளளவும் உடைய டீசல் யந்திரம். அதன் ஆற்றல் 16 குதிரைத் திறன். அது சுமக்கத்தக்க பாரம் 750 கிலோ. அதன் எண்ணெய்த் தொட்டியோ 30 லிட்டர் கொண்டது. தோஸ்த் வண்டியின் தொட்டி 40 லிட்டர் கொண்டது. தொட்டியை இன்னும் பெரிதாகச் செய்திருக்கலாகாதோ என்று சிலர் வினவுவர். டீசல் ஒரு லிட்டர் ஏறத்தாழ 0.83 கிலோ எடையுள்ளது. 30 லிட்டரின் எடை 25 கிலோ. 100 லிட்டராயின் 83 கிலோ. 750 கிலோ ஏற்றும் வண்டியில் மேலும் 58 கிலோ எண்ணெயைச் சுமந்தால் அவ்வளவு சரக்கின் கூலி குறையும். மேலும் இவ்வண்டிகள் பெரிய லாரிகள் கொண்டுவந்து இறக்கும் சரக்கைக் கடைதோறும் சேர்ப்பதற்கும், தோட்டத்துச் சரக்கைச் சந்தைக்குக் கொணர்வதற்கும் ஏற்பட்டவை. மாலையில் சொந்த ஊர் திரும்பும் வண்டிக்கு நெடுந்தூரத் தொட்டி வேண்டியதில்லை. தொழிலுக்கு ஏற்ற தொட்டி என்பதே இதன் நியாயம்.

இனிக் கணக்கிற்கு வருவோம். தொட்டியின் அளவை, ஒரு லிட்டருக்கு வண்டி செல்லும் கிலோமீட்டரால் பெருக்கினால் வழித் தூரம் கிடைக்கும் என்று எளிதாகச் சொல்லிவிடலாம். ஆனால் இப்பெருக்கலில் வரும் இரண்டு எண்களுமே ஐயத்திற்கு உரியன. அவற்றை ஒவ்வொன்றாக ஆராய்வோம்.

முதலாவது, தொட்டியின் அளவு. தொட்டியில் உள்ள எண்ணெய் முழுவதும் யந்திரத்திற்குப் பயன்படுவதில்லை. உறிஞ்சு குழாய் எட்டாத அடிப்பகுதியில் சிறிது எண்ணெய் எப்போதும் தங்கும். சரிவான பாதையில் எண்ணெய் ஒரு பக்கமாகச் சாய்வதால், குறைந்த அளவு இருக்கும்போது குழாயின் வாய் வெறுமையாகக் கூடும். எண்ணெய் காட்டும் முள்ளும் முற்றும் நம்பத்தக்கதன்று. தொட்டிக்குள் மிதக்கும் ஒரு மிதவையின் உயரத்தையே அது காட்டுகிறது. தொட்டியின் வடிவம் மேலும் கீழும் ஒரே அகலமாயிராவிடில் முள் பாதியில் நிற்பது எண்ணெய் பாதி உண்டு என்பதற்குச் சான்றாகாது. மறுபுறம், தொட்டியின் மேற்பகுதியில் வெப்பத்தால் எண்ணெய் விரிவதற்கென இடம் விடப்பட்டுள்ளது. நிரப்பும் கழுத்திலும் சிறிது கொள்ளும். விளிம்புவரை ஊற்றினால் புத்தகத்தில் கண்ட அளவிற்கு மேலும் சிறிது செல்வது இதனாலேதான். ஆகவே 30 லிட்டர்த் தொட்டியில் 31 லிட்டர் ஊற்றியதாகச் சீட்டு வந்தமாத்திரத்தில் பங்கு உடையோரைக் கள்வர் எனக் கருதுதல் தகாது. அளவில் ஐயம் எழுந்தால், ஒவ்வொரு பங்கிலும் முத்திரையிட்ட 5 லிட்டர் அளவுக் கலம் இருத்தல் வேண்டும் என்பது விதி. அதில் ஊற்றிக் காட்டுமாறு வாடிக்கையாளர் கேட்கலாம்.

இரண்டாவது, லிட்டருக்குச் செல்லும் தூரம். விளம்பரத்தில் காணும் எண் சோதனைச் சாலையில் வகுத்த முறைப்படி ஓட்டிப் பெற்றதாகும். நம் சாலையோ வேறு. பாரம் ஏறினால் தூரம் குறையும். ஏற்றத்தில் மேலும் குறையும். காற்றின் எதிர்ப்பு வேகத்தின் வர்க்கத்திற்கு ஏற்பப் பெருகுவது. மணிக்கு 60 கிலோமீட்டரில் செல்லும் வண்டியை 80இல் செலுத்தினால் அவ்வெதிர்ப்பு ஒன்றே முக்கால் மடங்காகிறது. முன்புறம் தட்டையாகவும் பின்புறம் சரக்கு உயர்ந்தும் உள்ள டெம்போவிற்கு இது பெரும் செலவு. டயரில் காற்றுக் குறைவும், அடிக்கடி நிறுத்திப் புறப்படுதலும், சந்தை வாயிலில் யந்திரத்தை ஓடவிட்டுக் காத்திருத்தலும் எண்ணெயை உண்பனவே. பெட்ரோல் வண்டி உடையோர் மற்றொன்றும் அறிதல் வேண்டும். 2025ஆம் ஆண்டளவில் இந்தியாவில் பெட்ரோலுடன் 20 விழுக்காடு எத்தனால் கலக்கும் நிலை எய்தப்பட்டது. எத்தனால் ஒரு லிட்டரில் உள்ள வெப்ப ஆற்றல் பெட்ரோலினும் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு குறைந்தது. ஆதலின் கலவை லிட்டர் ஒன்றின் ஆற்றல் 6 அல்லது 7 விழுக்காடு குறைகிறது.

அங்ஙனமாயின் உண்மையான எண்ணை எவ்வாறு பெறுவது? வழி மிக எளிது. ஒருநாள் தொட்டியை நிரப்பித் தூரமானியின் எண்ணைக் குறித்துக் கொள்க. வழக்கமான பாரத்தோடு வழக்கமான பாதையில் சில நாள் ஓட்டுக. பின்னர் அதே பங்கில், அதே மட்டம்வரை நிரப்புக. திங்களன்று 24,000 என்றிருந்த தூரமானி சனியன்று 24,432 காட்டி, 24 லிட்டர் ஊற்றவேண்டி வந்தது எனக் கொள்வோம். 432ஐ 24ஆல் வகுக்க 18 வரும். அதுவே அவ்வண்டிக்கு, அப்பாதையில், அப்பாரத்தில், அவ்வோட்டுநர் கையில் உரிய எண். நான்கைந்து முறை இவ்வாறு கண்டு சராசரி எடுத்தால் பிழை குறையும். இவ்வெண் திடீரெனத் தாழ்ந்தால், வண்டியில் எங்கோ பழுது தொடங்கிவிட்டது என்பதற்கு அது முதல் அறிகுறியுமாகும்.

இவ்வெண்ணைக் கொண்டு அருமனையிலிருந்து புறப்படும் ஒரு வண்டியின் வழியை ஆராய்வோம். 30 லிட்டர்த் தொட்டியில் 4 லிட்டரைத் தொடாது காப்பாக வைப்போம். எஞ்சிய 26ஐ 18ஆல் பெருக்க 468 கிலோமீட்டர். திருவனந்தபுரம் சற்றேறக்குறைய 45 கிலோமீட்டர். அங்குச் சென்று மீள்வது எளிது. மதுரையோ ஏறத்தாழ 280 கிலோமீட்டர். போய் மீள 560 ஆகும். ஒரு தொட்டியில் அது முடியாது. மதுரையில் சரக்கு இறக்கியவுடன் எண்ணெய் நிரப்புதல் வேண்டும். அன்றியும், நிறைந்த பாரத்தோடு மலைப்பாதையில் அவ்வண்டி லிட்டருக்கு 14 கிலோமீட்டரே செல்லுமாயின், 468 என்பது 364 ஆகக் குறையும். தொட்டி அதுவே; வண்டியும் அதுவே; குறைந்தது 104 கிலோமீட்டர். "முழு டேங்குக்கு இவ்வளவு ஓடும்" என்று ஒரே எண்ணைச் சொல்வதன் குறை இதனால் விளங்கும்.

எல்லையோர வாழ்வு வேறொரு கணக்கையும் நமக்குத் தருகிறது. அருமனைக்குக் கேரள எல்லை அண்மையிலுள்ளது. இரு மாநிலத்து எண்ணெய் விலையும் ஒன்றாயிருப்பதில்லை. கேரள அரசு 2023 ஏப்ரல் முதல் பெட்ரோல், டீசல் இரண்டிற்கும் லிட்டருக்கு 2 ரூபாய் சமூகப் பாதுகாப்பு வரி விதித்தது. வேறுபாடு அவ்வளவே எனவும், விலை லிட்டர் 94 ரூபாய் எனவும் ஓர் உதாரணமாகக் கொள்வோம். எல்லைக்கு அப்பாலுள்ள ஒருவர் மலிவு கருதி 5 கிலோமீட்டர் வந்து நிரப்பித் திரும்பினால், அந்தப் 10 கிலோமீட்டருக்கு அரை லிட்டருக்குச் சற்று மேலாக, அதாவது 52 ரூபாய் எண்ணெய் செலவாகும். 26 லிட்டர் நிரப்பினால் கிடைக்கும் ஆதாயமும் 52 ரூபாயே. 15 லிட்டர் நிரப்பினாலோ ஆதாயம் 30, செலவு 52, நட்டமே மிச்சம். ஆதலின் வழியோடு வழியாய் நிரப்புவோர்க்கே மலிவு மலிவாகும்; அதற்கென்றே ஓடுவோர்க்கு அன்று.

நான்கு லிட்டரை ஏன் தொடாது வைத்தல் வேண்டும் என வினவலாம். டீசல் வண்டி முற்றும் வறண்டு நின்றால், பின்னர் எண்ணெய் ஊற்றியவுடனே புறப்படாது. குழாய்களில் காற்றுப் புகுந்துவிடும். அதனை வெளியேற்றிய பின்னரே யந்திரம் ஓடும். மெக்கானிக்குகள் இதனை 'ஏர் எடுத்தல்' என்பர். இக்காலத்து வண்டிகளில் உயர் அழுத்தப் பம்பிற்கு வழவழப்பைத் தருவதும் டீசலே. வறண்ட ஓட்டம் அதனைத் தேய்க்கும். பெட்ரோல் வண்டிகளிலோ பம்பு தொட்டிக்குள்ளேயே இருந்து, தன்னைச் சுற்றியுள்ள எண்ணெயால் குளிர்கிறது. ஆக, கடைசிச் சொட்டுவரை ஓட்டுவது சிக்கனமன்று, பெருஞ்செலவிற்கு முன்பணமாகும்.

எண்ணெய் வேண்டியபோதெல்லாம் கிடைக்கும் என்னும் நம்பிக்கையும் எக்காலத்தும் செல்லுவதன்று. திருவிதாங்கூர் அரசு 1938 பிப்ரவரி 20ஆம் நாள் தன் பஸ் போக்குவரத்தைத் தொடங்கியபோது இங்கிலாந்திலிருந்து தருவித்த வண்டிகளில் பெர்க்கின்ஸ் டீசல் யந்திரங்கள் பொருத்தப்பட்டிருந்தன. சில ஆண்டுகளுள் இரண்டாம் உலகப் போர் மூண்டு பெட்ரோல் அளந்து கொடுக்கப்பட்டது. அக்காலத்தில் தென்னாட்டில் பல பஸ்கள் பின்புறத்தில் உலையைச் சுமந்து, மரக்கரியிலிருந்து எழும் வாயுவால் ஓடின. புறப்படுமுன் உலையை மூட்டிக் காத்திருத்தலும், ஏற்றத்தில் வலிமை குன்றுதலும் அவற்றின் குறைகள்.

அண்மையில் இலங்கையிலும் இத்தகைய துன்பம் நேர்ந்தது. 2022இல் ஏற்பட்ட பொருளாதார நெருக்கடியில் அவ்வரசு எரிபொருள் அனுமதி முறையை ஏற்படுத்தி, தொடக்கத்தில் வேன் ஒன்றிற்கு வாரம் 20 லிட்டரும், ஆட்டோவிற்கு 5 லிட்டரும், லாரிக்கு 50 லிட்டரும் என வகுத்தது. லிட்டருக்கு 10 கிலோமீட்டர் செல்லும் வேனுக்கு அது வாரம் 200 கிலோமீட்டர். யாழ்ப்பாணத்திலிருந்து கொழும்பு ஏறத்தாழ 400 கிலோமீட்டர். ஒரு வாரப் பங்கு முழுவதையும் செலவிட்டாலும் பாதி வழியிலேயே நிற்க வேண்டும். தொட்டி எவ்வளவு பெரிதாயினும், அதில் ஊற்ற எண்ணெய் இல்லாவிடில் அஃது ஓட்டைப் பாண்டமே.

இறுதியாக, மின்சார வண்டியைச் சிறிது நோக்குவோம். 2022 மே மாதத்தில் அறிமுகமான ஏஸ் மின்வண்டியின் மின்கலம் 21.3 யூனிட் கொண்டது. நிறுவனத்தார் கூறும் தூரம் 154 கிலோமீட்டர். டீசல் ஒரு லிட்டரில் ஏறத்தாழ 10 யூனிட் ஆற்றல் உண்டு. 30 லிட்டரில் 300 யூனிட். அங்ஙனமாயின் அம்மின்கலம் சுமப்பது சற்றேறக்குறைய 2 லிட்டர் டீசலுக்கு ஒப்பான ஆற்றலே. அந்த 2 லிட்டரில் முற்கூறிய நம் வண்டி 36 கிலோமீட்டரே செல்லும். டீசல் யந்திரம் தான் பெறும் ஆற்றலில் பெரும்பகுதியை வெப்பமாகப் புகைக்குழாய் வழியும் ரேடியேட்டர் வழியும் இழக்கிறது. மின் மோட்டார் அவ்வாறு இழப்பது மிகச் சிறிது. ஆயினும் தொட்டி சில நிமிடங்களில் நிறையும், மின்கலமோ அவ்வாறன்று. எனவே நாளொன்றுக்கு எத்துணைத் தூரம் ஓடுகிறோம் என்று அறிந்தவரே இவ்விரண்டில் தமக்கு ஏற்றதைத் தெரிந்து கொள்ளவல்லார்.

இதுகாறும் கூறியவற்றால், தொட்டியின் அளவு வண்டி செய்தோர் தருவது. வழித் தூரமோ ஓட்டுவோர் தாமே கண்டறிவது என்பது பெறப்படும். அதற்கு வேண்டுவன ஒரு சிறு குறிப்பேடும், ஒரு பென்சிலும், ஒழுங்காகக் குறிக்கும் பழக்கமுமே. ஆற்றிலே போட்டாலும் அளந்து போடு என்றனர் நம் முன்னோர். மாணவ நண்பர்களே, உங்கள் இல்லத்திலோ அயலிலோ ஒரு வண்டி இருக்குமாயின், வரும் விடுமுறையில் அதற்கு ஒரு குறிப்பேடு தொடங்கித் தருவீர்களாக. வகுப்பில் கற்ற வகுத்தல், உழைப்பாளி ஒருவரின் வருவாயைக் காக்கும் கருவியாவதை அதனால் காண்பீர்கள்.