உடை மாறினால் கதை நகர வேண்டும்

லண்டனில் 1810-ஆம் ஆண்டு எஸ். அண்ட் ஜே. ஃபுல்லர் என்ற பதிப்பகம் ‘லிட்டில் ஃபேனி’ என்ற சிறுமியின் கதையை வெளியிட்டது. பகட்டுப் பிடித்த ஃபேனி அம்மா சொல்லைக் கேட்காமல் வெளியே போகிறாள், போட்டிருந்த நல்ல உடுப்பைப் பறிகொடுக்கிறாள், பிச்சையெடுக்கிறாள், எடுபிடி வேலை செய்கிறாள், கடைசியில் திருந்தி வீடு திரும்புகிறாள். புத்தகத்தோடு வெட்டிய காகித உருவங்களும் வந்தன. தலை மட்டும் தனி. கதை நகர நகர அந்த ஒரே தலையை அடுத்தடுத்த உடையில் செருகிக்கொண்டே போக வேண்டும். மறு ஆண்டே அதே பதிப்பகம் ‘யங் ஆல்பர்ட்’ என்ற சிறுவனை இறக்கியது. அவன் ஷேக்ஸ்பியர் பாத்திரங்களாக வேடம் மாறினான். 1814-இல் சிண்டரெல்லாவும் வந்து சேர்ந்தாள்.

ஆக, இலக்கியத்தைக் காகிதப் பொம்மையாக்குவது நேற்று முளைத்த பொழுதுபோக்கு அல்ல. கோடை விடுமுறைக்கோ கொலுவுக்கோ பள்ளி இலக்கிய மன்றத்துக்கோ இதைச் செய்துபார்க்க நினைப்பவர்களுக்குச் சில குறிப்புகள் இவை. எல்லாவற்றுக்கும் அடியில் இருப்பது ஃபேனி காட்டிய விதிதான்: உடை மாறினால் கதை நகர வேண்டும். நகராவிட்டால், எவ்வளவு அழகாக வரைந்தாலும் அது ஜவுளிக்கடை வாசல் பொம்மைதான்.

செய்ய வேண்டியவை

வேடம் மாறும் கதையைத் தேடி எடுங்கள். பெயர் பெற்ற காவியம் என்பதற்காக ஒன்றைத் தூக்கிக்கொண்டு வந்து, நாயகிக்கு நாலு பட்டுப்புடவை வரைவதில் பயன் இல்லை. தமிழில் இதற்கென்றே எழுதியதுபோல் இருக்கிறது மணிமேகலை. முதலில் அவள் மாலை தொடுக்கும் பெண். பிறகு துறவுக்கோலம், கையில் அமுதசுரபி. இளவரசன் உதயகுமரனிடமிருந்து தப்ப மந்திரத்தால் காயசண்டிகை என்ற பெண்ணின் வடிவம் எடுக்கிறாள். அந்த வேடமே அவன் கொலையில் போய் முடிகிறது. வஞ்சி நகரில் பல சமயத்தாரின் வாதங்களைக் கேட்க ஆண் துறவியாக மாறுகிறாள். ஒரே முகம், நான்கு கோலம். ஒவ்வொரு கோலத்துக்கும் கதையில் காரணம் உண்டு.

நளன் கதையும் அப்படியே. உடுத்திய துணியைப் பறவை கொண்டு போகிறது; நளனும் தமயந்தியும் ஒரே ஆடையில் இருக்கிறார்கள்; இரவில் அவன் அதை அரிந்துகொண்டு பிரிகிறான். கார்க்கோடகன் என்ற பாம்பு தீண்டி நளனின் உருவம் மாறுகிறது. அந்தப் பாம்பு கொடுத்த ஆடையை உடுத்தினால்தான் பழைய உருவம் திரும்பும். இரண்டு பொம்மைகளின் மேலும் படிகிற ஒரே நீளத் துணியைக் காகிதத்தில் வெட்டி, நடுவில் ஊசியால் வரிசையாகத் துளையிட்டு வையுங்கள். பிரியும் கட்டம் வரும்போது பிள்ளைகளே கிழிக்கட்டும். அந்தக் கிழிசலின் வலி எந்த வசனத்திலும் வராது.

ஷேக்ஸ்பியரில் ஆண் வேடம் போடும் வயோலா, வக்கீல் அங்கியில் வரும் போர்ஷியா, மஞ்சள் காலுறை போட்டு மானம் போகும் மல்வோலியோ. ஷெர்லாக் ஹோம்ஸ் என்றால் ‘பொஹீமியாவில் ஓர் அவதூறு’ கதையை எடுங்கள்: குதிரைக்காரனாகவும் பாதிரியாராகவும் அவர் வருகிறார், அவரைப் பின்தொடர ஐரீன் ஆட்லரே ஆண் உடையில் வருகிறார்.

மூல நூலை எடுத்து, யார் என்ன உடுத்தினார்கள் என்று எழுதிக்கொள்ளுங்கள். வேலை மெனக்கெட்டதுதான். ஆனால் பாதி வடிவமைப்பை ஆசிரியரே செய்து வைத்திருப்பார். சிலப்பதிகாரத்தின் கடலாடு காதையில் இளங்கோவடிகள் மாதவியைக் காலிலிருந்து தலைவரை நகை நகையாக அலங்கரிக்கிறார். எந்த அணி எங்கே என்று புரியாவிட்டால் அடியார்க்கு நல்லார் உரை இருக்கிறது, உ.வே.சா. 1892-இல் உரையோடுதான் நூலைப் பதிப்பித்தார். அதே காதையில் மாதவியின் பதினோராடலும் வருகிறது. ஆக, 11 ஆட்டத்துக்கும் 11 கோலம். ஆனால் இளங்கோ அதற்கு முன்பே, அந்திமாலைச் சிறப்புசெய் காதையில், கணவன் பிரிந்த கண்ணகியைக் காட்டும்போது இல்லாதவற்றையே அடுக்குகிறார்: காலில் சிலம்பில்லை, நெற்றியில் திலகமில்லை. கண்ணகி பொம்மைக்கு நீங்கள் செய்ய வேண்டியது நகைகளை வரைவதல்ல. கழற்றக்கூடிய நகைகளைத் தனித்தனித் துண்டாக வெட்டி, ஒவ்வொன்றாக எடுத்துவிடுவது. மாதவிக்கு ஏற்றும் கையே கண்ணகிக்கு இறக்கும். காவியத்தின் முதல் காண்டம் இந்த இரண்டு பொம்மைகளில் அடங்கிவிடும்.

ஆங்கில நாவல்களிலும் இப்படிக் கிடைக்கும். ‘பிரைட் அண்ட் பிரெஜுடிஸ்’ (1813) எலிசபெத் அக்காவைப் பார்க்க மூன்று மைல் நடந்து போய்ச் சேரும்போது உள்பாவாடையில் ஆறு அங்குலத்துக்குச் சேறு. நடன விருந்து கவுனை விட அந்தச் சேற்றுப் பாவாடையை வரையுங்கள். ‘லிட்டில் விமன்’ (1868) ஜோவின் உடையில் பின்பக்கம் தீய்ந்திருக்கும், கையுறையில் கறை. அக்காவும் தங்கையும் ஆளுக்கொரு நல்ல கையுறையைப் போட்டுக்கொண்டு, கறைபட்டதைக் கையில் பிடித்துக்கொண்டு விருந்துக்குப் போவார்கள். ஜோ உடைக்குப் பின்பக்கமும் வரைய வேண்டும் என்பது அப்போதுதான் தெரியும். பின்னால் அவள் தலைமுடியை 25 டாலருக்கு விற்கிறாள்; ஆகவே முடியும் தனித்துண்டு.

கதையைத் திருப்பும் பொருளைத் தனியாகச் செய்யுங்கள். சிலம்பை வெளியே பார்த்தால் இரண்டும் ஒன்றுதான். உள்ளே பாண்டிமாதேவியின் சிலம்பில் முத்து, கண்ணகியின் சிலம்பில் மாணிக்கம். இரண்டையும் ஒரே அச்சாக வெட்டி, திறந்து மூடும் மடிப்பு வைத்து, உள்ளே மட்டும் வேறாக வரையுங்கள். விளையாடும் பிள்ளை திறந்து பார்த்தால் வழக்கு முடிந்தது. அமுதசுரபிக்கு உள்ளங்கையில் ஒரு கீறல் போதும், செருகி எடுக்கலாம்.

உடை மாறாத கதையில் அளவை மாற்றுங்கள். ஆலிஸுக்குப் புத்தகம் முழுவதும் ஒரே கவுன்தான். மாறுவது உயரம்: குடித்தால் 10 அங்குலம், கேக் தின்றால் ஒன்பது அடிக்கு மேல், பிறகு மூன்று அங்குலம். ஆகவே ஜெராக்ஸ் கடையில் ஒரே ஆலிஸைச் சிறிதும் பெரிதுமாக எடுத்துக்கொள்ளுங்கள். கழுத்து நீளும் கட்டத்துக்கு விசிறிமடிப்பாக ஒரு பட்டை.

உடலை முதலில் முடியுங்கள், உடையை அதன்மேல் வைத்து வரையுங்கள். கைகள் உடலை ஒட்டாமல் சற்று விலகி இருக்கட்டும். இல்லையென்றால் எந்தச் சட்டையும் நுழையாது. உடல் 18 செ.மீ. அளவில் இருந்தால் ஏ4 தாளில் உடைகளோடு அடங்கும். உடலுக்கு 250 முதல் 300 ஜிஎஸ்எம் அட்டை. கல்யாணப் பத்திரிகை அட்டைகளில் பல இந்தக் கனம்தான், வீட்டில் குவிந்தும் கிடக்கும். உடைக்கு 100, 120 ஜிஎஸ்எம் போதும். ஜன்னல் கண்ணாடியில் உடலை ஒட்டி, மேலே வெள்ளைத் தாளை வைத்து, வெயில் வெளிச்சத்தில் விளிம்பை எடுத்துக்கொண்டால் அளவு தப்பாது. மடித்து மாட்டும் காதுகளை ஒரு செ.மீ.க்குக் குறையாமல் விடுங்கள். கவுனுக்குத் தோளில் இரண்டு காது வைக்கலாம். புடவைக்கு முந்தானைத் தோளில் ஒன்றும் இடுப்பின் இருபுறமும் ஒவ்வொன்றும் வேண்டும், இல்லாவிட்டால் சரியும். விரிந்த கூந்தல் என்றால் முடிக்கும் தோளுக்கும் நடுவே கீறிவிட்டால் உடை கூந்தலுக்கு அடியில் போய் உட்காரும்.

வண்ணம் தீட்டாத தாளும் கொடுங்கள். 19-ஆம் நூற்றாண்டு இங்கிலாந்தில் காகித நாடக அரங்குக்கான உருவத் தாள்களை வெறும் கோட்டோவியமாக ஒரு பென்னிக்கும் வண்ணம் பூசியதை இரண்டு பென்னிக்கும் விற்றார்கள். ‘டிரஷர் ஐலண்ட்’ எழுதிய ஆர்.எல். ஸ்டீவன்சன் 1884-இல் அந்தத் தாள்களைப் பற்றியே ஒரு கட்டுரை எழுதினார். சிறுவயதில் அவற்றோடு வளர்ந்தவர் அவர். பூசித் தந்ததை விட வெற்றுத் தாளில்தான் விளையாட்டு அதிகம் என்பது என் கட்சி.

செய்யக்கூடாதவை

சினிமாவைப் பார்த்து வரையாதீர்கள். இது மிகப் பரவலான தவறு. ‘விசார்ட் ஆஃப் ஆஸ்’ டோரத்தி என்றதும் எல்லாரும் சிவப்புக் காலணி வரைகிறார்கள். 1900-இல் வந்த புத்தகத்தில் அது வெள்ளிக் காலணி. மாணிக்கச் சிவப்பு 1939 படத்தின் வேலை. ஃபிராங்கன்ஸ்டைனின் ஆளுக்குத் தட்டைத் தலை கொடுத்தது 1931 படம். மேரி ஷெல்லி 1818-இல் எழுதியது மஞ்சள் தோலும் கறுத்த நீள முடியும் எட்டடி உயரமும் கொண்ட ஆளை. ஆலிஸின் நீலக் கவுன் டிஸ்னி படத்தால் மனதில் பதிந்தது. 1890-இல் சின்னப் பிள்ளைகளுக்காக வந்த வண்ணப் பதிப்பில் அவள் மஞ்சள் கவுனில் இருக்கிறாள். ஹோம்ஸின் காது மூடும் தொப்பியை ‘டீர்ஸ்டாக்கர்’ என்று கோனன் டாயில் எங்கும் சொல்லவில்லை, சிட்னி பேஜெட் என்ற ஓவியர் 1891-இல் ஸ்ட்ராண்ட் இதழில் வரைந்தது நிலைத்துவிட்டது. ஓவியர் கற்பனை செய்வது அவர் உரிமை. உங்களுக்கும் அதே உரிமை இருக்கிறது, அதை ஏன் கடனுக்கு விட வேண்டும்?

சோழர் காலக் கதைக்கும் இதுவே. ‘பொன்னியின் செல்வன்’ படத்தின் உடைகளை அப்படியே எடுக்காமல், சோழர் செப்புத் திருமேனிகளையும், தஞ்சைப் பெரிய கோயிலின் உள்சுற்றில் நாயக்கர் கால ஓவியத்துக்கு அடியிலிருந்து 1931-இல் வெளிப்பட்ட சோழர் ஓவியங்களையும் பாருங்கள். புத்தகங்களில் படங்கள் கிடைக்கின்றன.

எல்லா முகத்தையும் ரோஜா நிறத்தில் பூசாதீர்கள். பழந்தமிழ்ப் பாடல்கள் மாந்தளிர் நிறத்தை அழகு என்று கொண்டாடியவை. தோல் நிற கிரேயான் என்று பெட்டியில் ஒன்றே ஒன்று இருந்தால் அந்தப் பெட்டியின் குறை அது.

பாதி மாற்றி நிறுத்தாதீர்கள். காலத்தையும் இடத்தையும் மாற்றிச் செய்வது நல்ல விளையாட்டு. ரோமியோ ஜூலியட்டை நியூயார்க் தெருச்சண்டைக்குக் கொண்டுபோன ‘வெஸ்ட் சைட் ஸ்டோரி’ 1957-இல் மேடையேறியது. பகைமையைக் குடும்பத்திலிருந்து கும்பலுக்கு முழுதாக மாற்றினார்கள். எலிசபெத்தைத் தஞ்சாவூருக்குக் கொண்டுவருவதானால் அவள் மணக்கும் டார்சிக்கும் வீடு, வாசல், வேட்டி, வண்டி எல்லாம் யோசிக்க வேண்டும். கண்ணகி கையில் கைபேசியைக் கொடுத்துவிட்டு மற்றதை அப்படியே விடுவது நகைச்சுவைத் துணுக்கு, அதற்கு மேல் இல்லை.

அடுத்தவர் ஓவியத்தை நகலெடுத்து விற்காதீர்கள். இந்தியச் சட்டப்படி படைப்பாளி இறந்து 60 ஆண்டு வரை உரிமை நிற்கும். எழுத்துக்கும் ஓவியத்துக்கும் கணக்கு வேறு வேறு. வின்னி த பூவை எழுதிய ஏ.ஏ. மில்ன் 1956-இல் இறந்தார். அவர் எழுத்துக்கு இங்கே காலம் முடிந்துவிட்டது. படம் வரைந்த ஈ.எச். ஷெப்பர்ட் 1976 வரை இருந்தார். அந்தக் கரடியை அவர் கோட்டில் வரைந்து விற்க 2036 முடிய வேண்டும். கல்கியின் எழுத்து நாட்டுடைமை என்பதால் அதற்கு வரைந்த ஓவியங்களும் பொதுச்சொத்து ஆகிவிடாது. ஆலிஸுக்கு வரைந்த ஜான் டெனியல் 1914-இல் மறைந்தவர், அவரிடம் தாராளமாக எடுக்கலாம்.

மைதாப் பசையில் துத்தம் போடாதீர்கள். பூச்சி வராது என்று போஸ்டர் ஒட்டுகிறவர்கள் போடுவார்கள். பிள்ளைகள் வாயில் வைக்கும் பொருளில் அது விஷம். செலோடேப்பும் வேண்டாம், சில வருடத்தில் மஞ்சளாகிக் கறை விடும். உடைகளை லேமினேட் செய்தால் காதுகள் மடியாது. இங்க்ஜெட்டில் அச்சிட்ட தாளில் ஈரக்கை பட்டால் சாயம் ஓடும். வெட்டுக்கத்தியைச் சிறு பிள்ளைகளிடம் கொடுக்க வேண்டாம், முனை மழுங்கிய கத்தரிக்கோல் போதும்.

அழகிகளை மட்டும் செய்யாதீர்கள். டிக்கன்ஸ் நாவலொன்றில் மஞ்சளேறிய கல்யாண உடையில், ஒரு காலில் மட்டும் செருப்போடு உட்கார்ந்திருக்கும் மிஸ் ஹேவிஷாமை எந்தப் பிள்ளையும் மறக்காது. தீராப் பசியோடு அலைந்த காயசண்டிகையையும்தான்.

பொம்மையின் பின்பக்கம் நீதி எழுதாதீர்கள். ஃபேனி கதையில் அது இருந்தது, அவள் காலம் அப்படி. நூலின் பெயர், காதை அல்லது அத்தியாயம், இவ்வளவு எழுதினால் போதும். வேண்டியவர்கள் போய்ப் படிப்பார்கள்.

முதல் முயற்சிக்கு மணிமேகலையை எடுங்கள். ஒரு உடல், நான்கு உடை, ஒரு பாத்திரம். பழைய பத்திரிகை அட்டை இரண்டு போதும். உரையோடு கூடிய நூல் எந்தக் கிளை நூலகத்திலும் கேட்டால் எடுத்துத் தருவார்கள். கத்தரிக்கோலைத் தொடுவதற்கு முன் அதை வாங்கிப் படித்துவிடுங்கள்.