எழுத்தும் பழக்கமும் மனித நடத்தையும்

மாந்தன் பிறக்கும்பொழுது அவனோடு உடன்பிறப்பன சில. வளரும்பொழுது அவனைச் சூழ்ந்த சமுதாயம் அவனுக்குத் தருவன பல. பசியும் துயிலும் அச்சமும் முன்னவை. எதை உண்பது, எதற்கு அஞ்சுவது, யாரிடம் எவ்வாறு பேசுவது என்பன பின்னவை. பின்னவற்றின் தொகுதியையே பண்பாடு என்கிறோம். இப்பண்பாடு மனிதனின் புற நடத்தையை மட்டும் வகுக்கின்றதா, அன்றி அவன் எண்ணும் முறையையும் வகுக்கின்றதா? இவ்வினாவிற்கு எழுத்தறிவைச் சான்றாகக் கொண்டு விடை காண முயல்வோம்.

எழுத்தறிவைத் தேர்ந்தமைக்குக் காரணம் உண்டு. மனித இனம் தோன்றி ஏறத்தாழ 3 லட்சம் ஆண்டுகள் ஆகின்றன என்பர். எழுத்து மெசபடோமியாவில் தோன்றி 5,000 ஆண்டுகளுக்குச் சற்று மேலாகின்றது. உலக மக்களுள் பெரும்பாலோர் எழுதப் படிக்கக் கற்றதோ கடந்த நூறாண்டிற்குள்தான். ஆதலின் படிப்பதற்கென்றே மனித மூளையில் பிறவியிலேயே ஓர் உறுப்பு அமைந்திருக்க இயலாது. எனினும் பிரேசில், போர்ச்சுகல் நாட்டவரை ஆராய்ந்து ஸ்டானிஸ்லாஸ் டெஹேன் குழுவினர் 2010ஆம் ஆண்டில் வெளியிட்ட ஆய்வு, படிக்கக் கற்றோரின் இடப்பக்க மூளையில் ஒரு பகுதி எழுத்துகளைக் கண்டதும் தனியே வினைபுரிகின்றது எனக் காட்டிற்று. வயது வந்தபின் படிக்கக் கற்றவரிடத்தும் இம்மாற்றம் காணப்பட்டது. பழக்கம் உடலினுள்ளும் தடம் பதிக்கின்றது என்பது இதனால் தெளிவாகும்.

இப்னு கல்தூன் கண்ட உண்மை

இக்கருத்தை அறிவியற் கருவிகள் எவையும் இல்லாத காலத்தே சிந்தித்தவர் இப்னு கல்தூன். 1332இல் தூனிசில் பிறந்து 1406இல் கெய்ரோவில் மறைந்த இப்பேரறிஞர், 1377ஆம் ஆண்டளவில் இன்றைய அல்ஜீரியாவிலுள்ள ஒரு கோட்டையில் தங்கி ‘முகத்திமா’ என்னும் நூலை எழுதினார். மனிதனை உருவாக்குவது அவனது பிறவிக் குணமன்று, அவன் பழகிய வழக்கங்களே என்பது அந்நூலின் அடிப்படைக் கருத்துகளுள் ஒன்று. கைத்தொழில் ஒவ்வொன்றும் அதனைப் பயில்வோனுக்கு ஒருவகை அறிவைத் தருகின்றது என்றும், அவற்றுள் எழுத்தும் கணக்கும் சிறந்தன என்றும் அவர் கருதினார்.

அந்நூலில் சிறுவர் கல்வி பற்றி அவர் கூறுவன ஆழ்ந்து எண்ணத்தக்கன. மக்ரிப் நாட்டார் சிறுவர்க்குத் திருக்குர்ஆனை மட்டுமே கற்பித்தனர். அந்தலூசியர் அதனோடு கவிதை, மடல் வரைதல், மொழி இலக்கணம், கையெழுத்து ஆகியவற்றையும் சேர்த்துக் கற்பித்தனர். முன்னவர் மனனத்தில் உறுதி பெற்றனர். ஆயின் மொழியாட்சியில் குன்றினர். பின்னவர் மொழியிலும் கவிதையிலும் சிறந்தனர். பிற கலைகளில் அத்துணை வளம் பெற்றாரல்லர். எதைப் பழக்கினரோ அதுவே வளர்ந்தது என்பதே அவர் கண்ட முடிபு. கடுந்தண்டனையால் அடக்கப்படும் மாணவன் சோம்பலையும் பொய்யையும் சூழ்ச்சியையும் பழகிக்கொள்கிறான். நாளடைவில் அவையே அவன் குணமாகிவிடுகின்றன என்று ஆசிரியரை அவர் எச்சரித்ததும் இங்கு நினைக்கத்தக்கது.

உஸ்பெகிஸ்தானில் ஓர் ஆய்வு

1931, 1932ஆம் ஆண்டுகளில் அலெக்சாண்டர் லூரியா என்னும் சோவியத் உளவியலறிஞர், தம் நண்பர் வைகாட்ஸ்கியுடன் வகுத்த திட்டத்தின்படி, உஸ்பெகிஸ்தான், கிர்கீசியா ஆகிய பகுதிகளின் சிற்றூர்களுக்குச் சென்றார். கூட்டுப்பண்ணையும் எழுத்தறிவு வகுப்பும் அங்குப் புதிதாகப் புகுந்த காலம் அது. எழுத்தறியா உழவரையும், சிறிதளவு கல்வி பெற்றவரையும் அவர் ஒப்பிட்டு நோக்கினார்.

சுத்தியல், இரம்பம், கோடரி, மரக்கட்டை ஆகிய நான்கனுள் இனத்தால் வேறுபட்டது எது என வினவியபொழுது, கல்வி பெற்றோர் கட்டையை விலக்கினர். ஏனைய மூன்றும் கருவிகள் என்றனர். எழுத்தறியா உழவரோ கட்டையை விலக்க உடன்படவில்லை. கட்டையின்றிக் கருவிகளுக்கு வேலை ஏது என்பது அவர்தம் கருத்து. பனி சூழ்ந்த வடகோடியில் கரடிகள் யாவும் வெண்ணிறத்தன; இன்ன ஊர் வடகோடியில் உள்ளது; அங்குள்ள கரடியின் நிறம் யாது என்று கேட்டபொழுது, தாம் அங்குச் சென்றதில்லை என்றும், கண்டறியாததைப் பற்றிக் கூறலாகாது என்றும் விடையிறுத்தோர் பலர். அகவை முதிர்ந்த ஒருவர் நேரிற் கண்டு கூறினால் நம்பலாம் என்றாரும் உளர்.

இவ்விடைகளை அறியாமை என ஒதுக்கிவிடுவது எளிது. ஆயின் நாம் அவ்வாறு கருதவில்லை. கட்டையையும் கோடரியையும் சேர்த்து எண்ணுவது உழைப்பவனின் தருக்கம். கண்டவர் யார், கேட்டவர் யார் என்று வினவிய பின்னரே ஒரு செய்தியை ஏற்பது சான்று கூறுவோனின் ஒழுக்கம். நபிமொழிகளைத் தொகுத்த பேரறிஞர்களும் அறிவிப்பாளர் தொடரை ஆராய்ந்த பின்னரே செய்தியை ஏற்றனர் என்பதை இவ்விடத்து நினைவுகூரலாம். வகுப்பறையில் பயின்றவன், வினாவினுள் அடங்கிய செய்தியை மட்டும் கொண்டு விடை கூறும் ஒரு விளையாட்டைக் கற்றிருக்கிறான். உழவன் அதனைக் கற்கவில்லை. வேறுபாடு அறிவின் அளவில் இல்லை; பழக்கத்தில் உள்ளது.

சோவியத் நாட்டிலேயே எதிர்ப்புக்குள்ளாகிய இவ்வாய்வு, நாற்பது ஆண்டுகள் கழித்து 1974இல்தான் நூலுருப் பெற்றது. இதில் ஒரு சிக்கலும் இருந்தது. உஸ்பெக் உழவரிடம் எழுத்தும் பள்ளியும் கூட்டுப்பண்ணையும் ஒருசேர வந்தன. ஆதலின் மாற்றத்திற்குக் காரணம் எழுத்தா, பள்ளியா, புதிய வாழ்க்கைமுறையா எனப் பிரித்தறிய வழியில்லாது போயிற்று.

வை மக்களின் மூவகை எழுத்தறிவு

அச்சிக்கலை அவிழ்க்கும் வாய்ப்பு மேற்கு ஆப்பிரிக்காவில் கிடைத்தது. லைபீரியாவில் வாழும் வை மக்களுள் பெரும்பாலோர் முஸ்லிம்கள். 1830களில் மோமோலு துவாலு புகேலே என்பவர் அம்மொழிக்கென ஓர் எழுத்துமுறையை வகுத்தார். அதில் ஒவ்வோர் எழுத்தும் ஓர் அசையைக் குறிக்கும். பள்ளிக்கூடம் இன்றியே உறவினரிடமும் நண்பரிடமும் அம்மக்கள் அதனைக் கற்றனர். மடல் வரையவும் கணக்கெழுதவும் பயன்படுத்தினர். ஓதும் பள்ளிகளில் அரபு எழுத்தையும், அரசுப் பள்ளிகளில் ஆங்கிலத்தையும் கற்றனர். ஒரே மக்களிடம் மூவகை எழுத்தறிவு தனித்தனியே வழங்கியது ஆய்வாளர்க்கு அரிய பேறாயிற்று.

1970களில் அங்கு ஆய்ந்த சில்வியா ஸ்கிரிப்னர், மைக்கேல் கோல் ஆகியோர் 1981இல் தம் முடிபுகளை நூலாக வெளியிட்டனர். எழுத்தறிவு பெற்றோர் யாவரும் ஒரே வகையில் அறிவு மேம்பட்டனர் என்பதற்குச் சான்று கிடைக்கவில்லை. மாறாக, ஒவ்வோர் எழுத்தும் அதன் பயன்பாட்டிற்கேற்ற திறனையே வளர்த்திருந்தது. திருக்குர்ஆனை ஓதி மனனம் செய்தோர், சொற்களை ஒவ்வொன்றாகக் கூட்டி வரிசை மாறாது நினைவுகூர்வதில் சிறந்தனர். வை எழுத்தில் மடல் வரைந்து பழகியோர், எதிரில் இல்லாத ஒருவர்க்கு ஒரு விளையாட்டின் விதிகளை விளங்கச் சொல்வதில் வல்லவராயினர். பள்ளியில் ஆங்கிலம் பயின்றோர், தாம் கூறிய விடைக்குக் காரணம் காட்டுவதில் முன்னின்றனர். அறுநூறு ஆண்டுகளுக்கு முன்னர் மக்ரிபையும் அந்தலூசையும் ஒப்பிட்டு இப்னு கல்தூன் கூறியதும் இதுவேயன்றோ?

நம் மண்ணில்

இவ்வுண்மை நம் நாட்டிற்கும் பொருந்தும். நம் திண்ணைப் பள்ளிகளில் மணலில் விரலால் எழுதி, எண்சுவடியை உரக்கச் சொல்லி மனனம் செய்தனர். அப்பயிற்சி பெற்ற முதியோர் தாளும் எழுதுகோலும் இன்றிப் பின்னக் கணக்கை நொடியில் கூறினர். தமிழ் முஸ்லிம்களிடையே அரபு எழுத்தால் தமிழை எழுதும் அரபுத்தமிழ் வழங்கியது. அதனைக் கற்ற பெண்டிர் சமய நூல்களை வீட்டிலிருந்தே படித்தனர். தமிழ் நெடுங்கணக்கை அறியாமையால் மட்டும் அவர்களைக் கல்லாதவர் என்பது பொருந்துமா?

பழக்கம் நடத்தையை மாற்றும் என்பதற்கு அண்மைக் காலச் சான்றாகப் புதுக்கோட்டையைக் கூறலாம். 1991ஆம் ஆண்டில் அம்மாவட்டத்தில் தொடங்கிய அறிவொளி இயக்கம், எழுத்தோடு மிதிவண்டி ஓட்டவும் சிற்றூர்ப் பெண்களுக்குக் கற்றுத்தந்தது. ஆயிரக்கணக்கான பெண்கள் மிதிவண்டி ஓட்டக் கற்றனர். தண்ணீர்க் குடத்தையும் பிள்ளையையும் ஏற்றிக்கொண்டு தாமே சென்றுவரத் தொடங்கினர். பெண் மிதிவண்டி ஓட்டுவது தகாது என்றிருந்த வழக்கம், ஓட்டுவோர் பெருகவே தளர்ந்தது. வழக்கம் மனிதனை ஆக்குகின்றது. மனிதர் கூடி முயன்றால் வழக்கமும் மாறுகின்றது.

முடிவுரை

இதுகாறும் கண்டவற்றால் மூன்று உண்மைகள் பெறப்படுகின்றன. பண்பாடு மனிதனின் செயலை மட்டுமன்றி எண்ணும் முறையையும் உருவாக்குகின்றது. அது பொதுவான ஓர் ஏற்றத்தைத் தருவதன்று. எதைப் பயில்கின்றோமோ அதனையே வளர்க்கின்றது. பழக்கத்தால் வந்த வேறுபாட்டைப் பிறவியால் வந்த உயர்வு தாழ்வாகக் கருதுவது பிழை.

இவ்வுண்மைகள் ஏட்டளவில் நிற்கத்தக்கன அல்ல. நம் கல்லூரிக்கு வரும் மாணவருள் தம் குடும்பத்தில் முதன்முதலாகக் கல்லூரி வாயிலை மிதிப்போர் உளர். தேர்வுத்தாளின் வினாவிற்கு அவர் தடுமாறினால், அறிவில் குறைந்தவர் எனத் தீர்ப்புக் கூறுதல் ஆசிரியர்க்கு அழகன்று. அவர் பழகாத ஒன்றைப் பழக்குதலே கடமை. அவ்வாறே, பட்டம் பெறும் மாணவர், கைந்நாட்டு வைக்கும் தம் பாட்டியின் நினைவாற்றலையும் உழைப்பறிவையும் எளியதாக எண்ணலாகாது. மனனத்தில் வல்ல பிள்ளைக்கு வினாவெழுப்பவும் காரணம் காட்டவும் பயிற்சி தேவை. வினாவெழுப்பும் பிள்ளைக்கு மனனப் பயிற்சி தேவை. இரண்டினையும் ஒருங்கே அளிக்கும் கல்வியே நிறைவான கல்வி. எதனைப் பழக்குவது என்பதைத் தெரிந்து பழக்கும் பொறுப்பு பெற்றோர், ஆசிரியர், சமுதாயப் பெரியோர் ஆகிய நம் அனைவரையும் சார்ந்தது.