கோமாரிக் கரையின் சிற்றாறுகளும் பாலங்களும்

ஆறு என்றவுடன் மகாவலியையே நினைக்கும் மாணவன், ஆடி மாதத்திலே பொத்துவிலிலிருந்து கோமாரி வழியாக அக்கரைப்பற்றுக்குப் பயணஞ் செய்வானாயின், தான் பல ஆறுகளைக் கடந்து வந்தமையை உணரமாட்டான். பாலத்தின்கீழ் மணலும் ஆங்காங்கே தேங்கிய நீருமே அவன் கண்ணிற் படும். அதே வழியை மார்கழியிற் கடந்தவன் கூறும் கதை வேறாகும்.

இலங்கையிற் கணக்கிடப்பட்ட 103 ஆற்று வடிநிலங்களுட் பல இக்கரையில் நெருங்கிக் கிடக்கின்றன. மொனராகலைப் பக்கத்து மேட்டுநிலத்திற் பிறக்கும் ஹெட ஓயா, பொத்துவிலுக்குத் தெற்கே கடலை அடைகின்றது. அதன் வடிநிலம் ஏறக்குறைய 600 சதுர கிலோமீற்றர். அதற்கு வடக்கேயுள்ள கரந்த ஓயாவினது ஏறக்குறைய 420. (‘ஓயா’ என்பது சிற்றாற்றைக் குறிக்குஞ் சிங்களச் சொல். நம் பட்டிப்பளை ஆறே தேசப்படத்திற் கல்லோயா எனக் காணப்படுவது.) இன்னும் வடக்கே தாண்டியடி, கஞ்சிகுடிச்சாறு முதலிய இடங்களில் ஓடுவன இவற்றினும் மிகச் சிறியன.

இவ்வாறுகளின் இயல்பை அறிய முகத்துவாரத்தை நோக்குதல் வேண்டும். ஆண்டு மழையிற் பெரும்பங்கு நவம்பர் முதல் ஜனவரி வரையிலேயே பெய்கின்றது. ஏனைய மாதங்களில் நீரோட்டம் மெலிய, கடலலை மணலைக் குவித்து வாயை அடைத்துவிடும், ஆறு களப்பாகிவிடும். மாரி வந்ததும் வெள்ளம் அம்மணல்மேட்டின் பின்னே பரந்து நிற்கும். மேடு தானாக உடைதல் வேண்டும். அல்லது மக்கள் முகத்துவாரத்தை வெட்டிவிடல் வேண்டும். கரையோரத் தெருவோ இவ்வாறுகள் அனைத்தையும் குறுக்கறுத்துச் செல்வது. பாலத்தின் கண்கள் சிறுத்திருப்பின், தெருவே அணையாகி வயலையும் மனையையும் மூழ்கடிக்கும்.

பாலங்கள் தோன்றுமுன் மட்டக்களப்பு நாட்டில் ‘பாதை’ எனப்படும் மிதவையிலேயே மக்களும் வண்டிகளும் நீரைக் கடந்தனர். இத்தெரு வடக்கே சென்றடையும் கல்லடியில் 1924இல் இரும்புப் பாலம் எழுந்தது. தேசாதிபதி மனிங்கின் துணைவியார் பெயரைத் தாங்கிய அப்பாலத்தின் அருகே 2013இல் புதிய பாலந் திறக்கப்பட்டது. பொத்துவிலுக்கு அப்பால், அறுகங் களப்பின் வாயிலமைந்த பாலம் 2004 டிசம்பர் 26ஆம் நாள் ஆழிப்பேரலையாற் சேதமுற்றது. தென்புறத்து ஊர்களின் தெருத் தொடர்பு அறுந்தது. இன்றுள்ள புதுப் பாலம் 2008இல் திறக்கப்பட்டது.

பெரும் பாலங்களைப் பற்றி யாவரும் பேசுவர். நமது கவலையோ தாம்போதிகளைப் பற்றியது. வெள்ளம் மேலே வழிந்தோடுமாறு தாழ்வாக அமைக்கப்படுந் தெருவே தாம்போதி. சில மாட்டுவண்டிகள் சென்ற காலத்தில் அது போதியதாயிருந்தது. நீர் வடியும்வரை காத்திருக்கவும் மக்களுக்குப் பொறுமை இருந்தது. இன்று பாடசாலையும் வைத்தியசாலையும் காத்திரா. கல்முனைப் பகுதியிற் கிட்டங்கித் தாம்போதியை வெள்ளம் மூடுவது அவ்வூரார் நன்கறிந்த செய்தி. 2024 நவம்பர் 26ஆம் நாள், காரைதீவையும் அம்பாறையையும் இணைக்குந் தெருவில், மாவடிப்பள்ளியருகே, மத்ரசா மாணவரை ஏற்றிவந்த உழவு இயந்திரம் வெள்ளத்தில் அள்ளுண்டது. வீடு திரும்பிக்கொண்டிருந்த சிறுவர் பலர் மாண்டனர்.

அவ்விடத்தைக் கோடையிற் காண்பவர், இங்கே பாலம் எதற்கென்று வினவுதல் கூடும். செலவுக் கணக்கும் பெரும்பாலுங் கோடையிலேயே பார்க்கப்படுகின்றது. கோமாரிப் பக்கத்து மாணவர் தைப்பொங்கல் விடுமுறையிற் பாலங்களருகே சென்று, மரங்களில் வெள்ளம் விட்டுச்சென்ற சேற்றுக்கோடு தெருவின் மட்டத்திலிருந்து எத்தனை அடி உயரத்திலுள்ளதென அளந்து, ஆண்டுதோறுங் குறித்து வைப்பாராக. அதற்கு ஓர் அளவுநாடாவும் ஒரு கொப்பியும் போதும்.