ஊமைக்காயத்திற்கு ஓர் எண்

ஆழ்வார்திருநகரியில் ஒரு வீட்டுத் தொழுவம் என்று வைத்துக்கொள்வோம். மாட்டுக்கு வைக்கோல் போடக் குனிகிறார் ஓர் அம்மாள். ஈயை விரட்டத் தலையை வீசிய மாட்டின் கொம்பு அவருடைய வலது மார்பகத்தில் இடித்துவிடுகிறது. தோல் கிழியவில்லை, ஒரு சொட்டு இரத்தம்கூட வெளியே வரவில்லை. ஆனால் மறுநாள் அந்த இடம் கருநீலமாகத் தடித்திருக்கிறது. மருத்துவரிடம் போகிறார். கூச்சத்தினால், “நெஞ்சுல வலிக்கு” என்று மட்டும் சொல்கிறார்.

மருத்துவர் என்னவென்று எழுதுவார்? நெஞ்சு என்றால் இதயமா, விலா எலும்பா, மார்பகமா? நம் பேச்சில் இந்தச் சொல் எல்லாவற்றையும் குறிக்கிறது. மருத்துவக் குறிப்பேட்டில் அது போதாது.

காயத்தின் உள்ளே

வெளியே இரத்தம் வராத இத்தகைய அடியை நம் பெரியவர்கள் ஊமைக்காயம் என்பார்கள். தோலுக்கு அடியிலுள்ள நுண்ணிய இரத்தக் குழாய்கள் உடைந்து, இரத்தம் திசுக்களுக்குள் கசிவதே இது. சில நாட்களில் அதன் நிறம் மாறுவதைக் கவனித்திருப்பீர்கள். கசிந்த இரத்தத்திலுள்ள ஹீமோகுளோபின் சிதையும்போது முதலில் பிலிவெர்டின் என்ற பச்சை நிறப் பொருளும், பிறகு பிலிரூபின் என்ற மஞ்சள் நிறப் பொருளும் உண்டாகின்றன. நீலம் பச்சையாகி, மஞ்சளாகி மறைவது இதனால்தான்.

எண் பிறந்த கதை

ஒரே காயத்தை ஒவ்வொரு மருத்துவரும் ஒவ்வொரு பெயரில் எழுதினால் எப்படிக் கணக்கெடுப்பது? இந்தச் சிக்கல் பழையது. 1893-ஆம் ஆண்டில் பிரான்ஸ் நாட்டுப் புள்ளியியலாளர் ழாக் பெர்ட்டியோன் தயாரித்த மரணக் காரணங்களின் பட்டியல் பல நாடுகளுக்கும் பொதுவாயிற்று. 1948-இல் அந்தப் பொறுப்பு உலக சுகாதார நிறுவனத்திடம் வந்தது. ஆறாவது திருத்தமான அதில் மரணங்களோடு நோய்களும் காயங்களும் சேர்ந்தன. 1990-இல் 10-ஆம் திருத்தம் ஏற்கப்பட்டது. 2019-இல் ஏற்கப்பட்ட 11-ஆம் திருத்தம் 2022 ஜனவரி முதல் நடைமுறைக்கு வந்தது. இதுவே நோய்களின் பன்னாட்டு வகைப்பாடு.

எண்ணைப் பிரித்துப் பார்ப்போம்

10-ஆம் திருத்தத்தில் மார்பகக் கன்றலுக்குரிய குறியீடு எஸ் 20.0. இதில் ‘எஸ்’ என்ற எழுத்து, உடலின் ஒரு பகுதியில் ஏற்பட்ட காயம் என்பதைக் காட்டுகிறது. 20 முதல் 29 வரையுள்ள எண்கள் மார்புப் பகுதிக்குரியவை. அவற்றுள் 20 என்பது மேலோட்டமான காயம். புள்ளிக்குப் பின்னுள்ள 0, மார்பகக் கன்றல். அங்கே 0-க்குப் பதில் 2 இருந்தால், மார்புக்கூட்டின் கன்றல். எஸ் 22 என்றால் விலா எலும்பு முதலியவற்றின் முறிவு. அமெரிக்காவில் இதை மேலும் விரித்து, வலப்பக்கத்திற்கு எஸ் 20.01 என்றும் இடப்பக்கத்திற்கு எஸ் 20.02 என்றும் எழுதுகிறார்கள்.

ஆகவே குறியீடு எழுத விரும்பும் மருத்துவர் “நெஞ்சு” என்ற சொல்லோடு நின்றுவிட முடியாது. எந்த இடம், தோல் கிழிந்ததா, எலும்பு முறிந்ததா என்று பார்த்தும் கேட்டும் அறிய வேண்டும்.

எப்படி ஏற்பட்டது?

காயத்திற்கு ஓர் எண் என்றால் அதன் காரணத்திற்கு இன்னோர் எண் உண்டு. மாடு போன்ற விலங்கு இடித்தால் டபிள்யூ 55. விளையாட்டுப் பொருள் பட்டால் டபிள்யூ 21. வழுக்கியோ தடுக்கியோ தரையில் விழுந்தால் டபிள்யூ 01. இன்னொருவர் கையாலோ காலாலோ தாக்கினால் ஒய் 04.

இந்த இரண்டாவது எண்ணில்தான் பல உண்மைகள் மறைந்துபோகின்றன. வீட்டில் அடிபட்ட பெண் ஒருவர், அச்சத்தினால் “கீழே விழுந்துட்டேன்” என்று சொல்லக்கூடும். அவருடைய காயம் விபத்துகளின் கணக்கில் சேர்ந்துவிடும். அவருக்குக் கிடைக்க வேண்டிய பாதுகாப்பும் கிடைக்காமல் போகும். மருத்துவரோ செவிலியரோ தனியே, பரிவோடு கேட்டால் உண்மை வெளிவர வாய்ப்பு உண்டு.

பின்னாளில் என்ன பயன்?

மார்பகத்தில் கொழுப்புத் திசு மிகுதி. பலமான அடிக்குப் பிறகு அதன் ஒரு பகுதி மடிந்து, சில வாரங்களிலோ மாதங்களிலோ கெட்டியான கட்டியாகலாம். இது புற்றுநோய் அன்று. இதற்கு என் 64.1 என்ற தனிக் குறியீடு உண்டு. ஆனால் தொட்டுப் பார்க்கையிலும் படத்திலும் புற்றுநோயைப் போலத் தோன்றக்கூடும். அப்போது பழைய குறிப்பில் எஸ் 20.0 இருந்தால் மருத்துவருக்கு அது நல்ல துப்பு. அடிபடுவதால் புற்றுநோய் வருவதில்லை. எனினும் “அன்று பட்ட அடிதான்” என்று கட்டியை விட்டுவிடக் கூடாது. முன்பே இருந்த கட்டி, அடிபட்ட பிறகு கவனத்திற்கு வந்திருக்கலாம். எந்தக் கட்டியையும் மருத்துவரிடம் காட்டியே ஆகவேண்டும்.

நம் பக்கத்தில் அடிபட்டால் சித்த வைத்தியரிடம் போவோரும் உண்டு. பாளையங்கோட்டையில் அரசு சித்த மருத்துவக் கல்லூரி 1964 முதல் இயங்கி வருகிறது. சித்த மருத்துவத்தில் வழங்கும் நோய்ப் பெயர்களுக்கும் இப்போது உலகப் பட்டியலில் இடம் உண்டு. ஆயுர்வேத, சித்த, யுனானி நோய்ப் பெயர்களைக் கொண்ட பகுதி 11-ஆம் திருத்தத்தில் சேர்க்கப்பட்டு, 2024 ஜனவரி 10 அன்று புதுதில்லியில் வெளியிடப்பட்டது.

நம் அம்மாளிடம் திரும்புவோம். செவிலியர் தனியே அழைத்து விசாரித்ததும் மாடு இடித்ததைச் சொல்லிவிட்டார். குறிப்பேட்டில் எஸ் 20.0, டபிள்யூ 55 என்று இரண்டு எண்கள் ஏறின. எந்த நாட்டு மருத்துவர் பார்த்தாலும் நடந்தது புரியும். ஆனால் அந்த எண்கள் சரியாக அமைய, முதலில் அவர் வாய் திறக்க வேண்டியிருந்தது. அடிபட்ட இடம் எதுவானாலும் மருத்துவரிடம் சொல்ல வெட்கம் வேண்டாம் என்று உங்கள் வீட்டிலும் சொல்லுங்கள்.

நீங்களே குறியீடு எழுதுங்கள்

1. கிரிக்கெட் பந்து பட்டு ஒரு மாணவிக்கு மார்பகம் கன்றியது.
2. ஈர முற்றத்தில் வழுக்கி விழுந்து ஒருவருக்கு மார்புக்கூடு கன்றியது, எலும்பு முறியவில்லை.

விடைகள்: 1. எஸ் 20.0, டபிள்யூ 21. 2. எஸ் 20.2, டபிள்யூ 01.