உரைமரபும் இயங்குதளப் பாடநூல்களும்: லயன்ஸ் உரையை முன்வைத்து ஓர் ஆய்வு

ஆய்வுச் சுருக்கம்

இயங்குதளம், கணினியமைப்பு நிர்வாகம் ஆகிய துறைகளைக் கற்பிக்க எழுந்த நூல்களுள் நிலைத்த பயன் தந்தவை, வரையறைகளைத் தொகுத்தவற்றினும் மூலநிரல் ஒன்றை முன்னிறுத்தி அதற்கு விளக்கம் கூறியவையே என்பதை இக்கட்டுரை நிறுவ முயல்கிறது. ஜான் லயன்ஸ் யூனிக்ஸ் மூலநிரலுக்கு எழுதிய விளக்கநூல், நன்னூல் கூறும் உரையிலக்கணத்தின் துணைகொண்டு இங்கு ஆராயப்படுகிறது. தமிழில் இத்துறை நூல்கள் எவ்வடிவில் அமையலாம் என்பதற்கு ஒரு மாதிரியும் தரப்படுகிறது.

திறவுச் சொற்கள்: உரைமரபு, காண்டிகை, விருத்தி, யூனிக்ஸ், மூலநிரல், இயங்குதளம், கணினியமைப்பு நிர்வாகம்

முன்னுரை

கணினியின் வன்பொருளுக்கும் பயனரின் நிரல்களுக்கும் இடையே நின்று, நினைவகம், வட்டு, செயலியின் நேரம் ஆகியவற்றைப் பங்கிட்டு அளிப்பது இயங்குதளம். அதனைப் பழுதின்றி நடத்துவது கணினியமைப்பு நிர்வாகம். இவ்விரண்டையும் தமிழில் கற்பிப்பது குறித்த பேச்சு பெரும்பாலும் கலைச்சொல்லாக்கத்தோடு நின்றுவிடுகிறது. 'இயக்க அமைப்பு' என்பதா, 'இயங்குதளம்' என்பதா என்னும் வினா எழும் அளவுக்கு, எத்தகைய நூல் வேண்டும் என்னும் வினா எழுவதில்லை. சொல் கிடைத்தும் நூல் அமையாவிடின் மாணவர் வரையறையை மனனம் செய்து தேர்வெழுதுவார். கணினிக்குள் நிகழ்வதை அறியார். ஆகவே நூல்வடிவம் பற்றிய ஆய்வு இன்றியமையாததாகிறது.

லயன்ஸ் உரை

யூனிக்ஸ் இயங்குதளம் பெல் ஆய்வகத்தில் கென் தாம்சன், டென்னிஸ் ரிட்சி ஆகியோரால் உருவாக்கப்பட்டது. அதன் ஆறாம் பதிப்பு 1975ஆம் ஆண்டு வெளிவந்தது. ஆஸ்திரேலியாவின் நியூ சவுத் வேல்ஸ் பல்கலைக்கழகத்தில் பணியாற்றிய ஜான் லயன்ஸ், தம் மாணவர்களுக்காக அப்பதிப்பின் மூலநிரலைத் தெரிந்தெடுத்து, கற்பதற்கேற்ற வரிசையில் தொகுத்து, வரியெண் இட்டு ஒரு தொகுதியாக்கினார். ஏறத்தாழ 9,000 வரிகள் கொண்ட அம்மூலத்திற்கு விளக்கம் எழுதி மற்றொரு தொகுதியாக்கினார். இவை 1977ஆம் ஆண்டு வடிவம் பெற்றன.

இவ்வமைப்பில் இரண்டு கூறுகள் கருதத்தக்கவை. முதலாவது, மூலமும் உரையும் தனித்தனித் தொகுதிகளாக நின்றமை. மாணவர் இரண்டையும் அருகருகே விரித்து, வரியெண்ணைக் கொண்டு மூலத்திலும் உரையிலும் மாறிமாறிப் பயின்றனர். இரண்டாவது, மூலம் பயிற்சிக்கெனப் புனையப்பட்ட மாதிரியாக அன்றி, நடைமுறையில் இயங்கிக்கொண்டிருந்த நிரலாகவே இருந்தமை. வேறு பாடநூல்கள் 'இப்படியும் செய்யலாம், அப்படியும் செய்யலாம்' என்று நிறுத்திய இடத்தில், லயன்ஸ் உரை 'இங்கு இப்படிச் செய்யப்பட்டிருக்கிறது' என்று காட்டியது.

நன்னூல் காட்டும் உரையிலக்கணம்

பவணந்தி முனிவரின் நன்னூல் பொதுப்பாயிரத்தில் உரையின் கூறுகளும் வகைகளும் கூறப்படுகின்றன. கருத்து, பதப்பொருள், எடுத்துக்காட்டு ஆகியவற்றோடு வினாவும் விடையும் சேர்த்துச் சூத்திரத்தின் பொருளை விளக்குவது காண்டிகையுரை. சூத்திரத்தின் உட்பொருளோடு நில்லாமல் அவ்விடத்திற்கு இன்றியமையாத பிறவற்றையும் விரித்துரைப்பது விருத்தியுரை. ஒரே நூலுக்கு இருவகை உரையும் தோன்றுவது உண்டு. நன்னூலுக்கே சங்கரநமச்சிவாயர் எழுதிச் சிவஞான முனிவர் திருத்திய விருத்தியுரையும், ஆறுமுக நாவலரின் காண்டிகையுரையும் உள்ளன.

இவ்வளவுகோலால் நோக்கின், லயன்ஸ் நூல் காண்டிகையின் அடித்தளத்தில் விருத்தியை நோக்கி விரிந்தது எனலாம். ஒரு செயற்கூறு எதற்காக அமைந்தது என்பது கருத்து. மாறிகளும் கட்டளைகளும் குறிப்பது பதப்பொருள். கணினி தொடங்கும் கணத்தில் நிகழ்வதைப் படிப்படியாகப் பின்தொடர்வது எடுத்துக்காட்டு. மூலத்தில் இல்லாத வன்பொருள் இயல்பையும் வேண்டிய இடத்தில் எடுத்துரைப்பது விருத்திக்குரிய பண்பு. லயன்ஸ் தமிழ் உரைமரபை அறிந்து எழுதினார் என்பது இதன் பொருளன்று. அடர்த்தியான மூலம் ஒன்றை மாணவர்க்குக் கற்பிக்க முனையும் ஆசிரியர், எம்மொழியினராயினும் இவ்வடிவத்தை வந்தடைகிறார் என்பதே இங்குக் கொள்ளத்தக்கது.

விளங்காத இடம்

ஆறாம் பதிப்பின் மூலநிரலில், ஒரு செயலாக்கத்தை நிறுத்தி மற்றொன்றுக்குச் செயலியை மாற்றித்தரும் பகுதியில், 2238ஆம் வரியை ஒட்டி, இதனைப் படிப்பவர் புரிந்துகொள்ள வேண்டும் என எதிர்பார்க்கவில்லை என்னும் பொருள்பட ஒரு குறிப்பு உள்ளது. இக்குறிப்பு பின்னர்ப் பெரும்புகழ் பெற்றது; படிப்பவரை எள்ளுவதாகவும் கருதப்பட்டது. இது தேர்வில் கேட்கப்படாது என்னும் தொனியிலேயே எழுதப்பட்டதென ரிட்சி பின்னாளில் விளக்கினார். உண்மையில் அவ்விடத்தில் நிகழ்வதைத் தாங்களும் முழுதும் உணர்ந்திருக்கவில்லை என்றும் அவர் ஒப்புக்கொண்டார். அம்முறை பிடிபி-11 கணினியின் மொழிமாற்றி நிரலது இயல்பைச் சார்ந்திருந்தது. யூனிக்ஸ் வேறு வகைக் கணினிக்குக் கொண்டுசெல்லப்பட்டபோது அது பொருந்தாமையால் புதிய முறை வகுக்கப்பட்டது.

மூலத்தை மாணவர் கையில் தருவதன் பயன் இங்குப் புலனாகிறது. வரையறை நூலில் இத்தகைய இடம் தென்படவே வாய்ப்பில்லை. மூலம் கண்முன் இருந்தால்தான் ஐயம் பிறக்கும். ஐயம் பிறந்தால்தான் நூலாசிரியரின் பிழையும் வெளிப்படும்.

மூலம் மறுக்கப்பட்டபோது

1979ஆம் ஆண்டு வெளிவந்த ஏழாம் பதிப்பின் உரிம விதிகள், மூலநிரலை வகுப்பறையில் பாடமாக வைப்பதைத் தடுத்தன. லயன்ஸ் நூலும் உரிமம் பெற்றோரிடையே மட்டுமே வழங்கத்தக்கதாக இருந்தது. ஆயினும் அது ஒளிநகலின் ஒளிநகலாகக் கைமாறிப் பரவிற்று. முறையான அச்சுப் பதிப்பு 1996ஆம் ஆண்டே வெளிவந்தது. லயன்ஸ் 1998ஆம் ஆண்டு மறைந்தார். பயில்வோர் படியெடுத்துக் காத்த நூல்கள் என்னும் வகையில், ஏட்டுச்சுவடி மரபை அறிந்தோர்க்கு இவ்வரலாறு அயலானதன்று.

இத்தடையின் விளைவாகவே மற்றொரு மூலம் பிறந்தது. ஆம்ஸ்டர்டாம் விரியே பல்கலைக்கழகப் பேராசிரியர் ஆண்ட்ரூ டானன்பாம், யூனிக்ஸின் ஒரு வரியையும் எடுத்தாளாமல் மினிக்ஸ் என்னும் சிறிய இயங்குதளத்தைத் தாமே எழுதி, அதன் மூலநிரலைப் பின்னிணைப்பாகக் கொண்ட பாடநூலை 1987ஆம் ஆண்டு வெளியிட்டார். அதாவது, உரை எழுதுவதற்காகவே ஒரு மூலம் இயற்றப்பட்டது. அந்நூலைப் பயின்ற ஹெல்சிங்கி மாணவர் லினஸ் டோர்வால்ட்ஸ், மினிக்ஸ் இயங்கிய கணினியிலேயே 1991ஆம் ஆண்டு லினக்ஸை உருவாக்கத் தொடங்கினார். வேறு காரணங்களும் அதற்கு உண்டெனினும், மூலத்தோடு கூடிய பாடநூலின் பயனுக்கு இது தக்க சான்றாகும்.

மூலம் மாறும் துறையில் உரையின் நிலை

இலக்கண மூலம் நிலைபெற்றது. நிரல் நாள்தோறும் மாறுவது. அவ்வாறாயின் உரைவடிவம் இங்கு எவ்வாறு பொருந்தும் என்னும் தடை எழலாம். இத்தடை புறக்கணிக்கத்தக்கதன்று. போவே, செசாத்தி ஆகியோர் லினக்ஸின் கெர்னலுக்கு எழுதிய விளக்கநூலின் முதற்பதிப்பு 2000ஆம் ஆண்டிலும், மூன்றாம் பதிப்பு 2005ஆம் ஆண்டிலும் வெளிவந்தன. ஒவ்வொரு பதிப்பும் லினக்ஸின் வெவ்வேறு வெளியீட்டை விளக்க வேண்டியதாயிற்று. இன்றைய லினக்ஸ் மூலநிரல் கோடிக்கணக்கான வரிகளாக விரிந்துவிட்டமையால், ஒருவர் அதனை முழுதும் பயில்வதும் இயலாது.

இதற்கு விடையாக அமைந்தது, மூலத்தைச் சுருக்கி நிலைநிறுத்தும் முறை. அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தில் முதலில் லயன்ஸ் உரையைக் கொண்டே பாடம் நடத்தப்பட்டது. பழைய கணினியின் இயல்பை மாணவர் தனியே கற்க நேர்ந்தமையால், யூனிக்ஸ் ஆறாம் பதிப்பின் அமைப்பைத் தழுவி எக்ஸ்வி6 என்னும் இயங்குதளம் 2006ஆம் ஆண்டு அங்கு எழுதப்பட்டது. இது 10,000 வரிகளுக்குள் அடங்குவது. இக்காலச் செயலிகளில் இயங்குவது. தனக்கென ஒரு விளக்கநூலையும் உடையது. மாறும் துறையிலும் கற்பதற்குரிய மூலத்தை நிலையாக வைத்துக்கொள்ள இயலும் என்பதை இது காட்டுகிறது.

நிர்வாக நூல்களின் தனியியல்பு

கணினியமைப்பு நிர்வாக நூல்களுக்கு இத்தகைய ஒற்றை மூலம் இல்லை. அனுபவமே அவற்றின் மூலம். ஈவி நெமெத், கார்த் ஸ்னைடர், ஸ்காட் சீபாஸ் ஆகியோரின் யூனிக்ஸ் நிர்வாகக் கையேடு 1989ஆம் ஆண்டு வெளிவந்தது. அதன் ஐந்தாம் பதிப்பு 2017ஆம் ஆண்டு வெளிவந்தது. இடைப்பட்ட காலத்தில் கட்டளைகள் பல மாறின. ஆயினும் சில நெறிகள் மாறவில்லை: மீட்டுப் பார்த்துச் சோதிக்காத காப்புநகலை நம்பலாகாது, முழு அதிகாரம் உடைய கணக்கில் அன்றாடப் பணிகளைச் செய்யலாகாது, செய்த மாற்றம் ஒவ்வொன்றையும் எழுதிவைக்க வேண்டும்.

தமிழ் இலக்கண நூலார், விதிகளுள் அடங்காதவற்றைத் தழுவிக்கொள்ளப் புறனடை அமைப்பர். நிர்வாக நூலுக்கும் புறனடை தேவை. கூறிய முறைப்படி செய்தும் வழங்கி இயங்காவிடின் எப்பதிவேட்டை நோக்குவது, எம்மாற்றத்தை முதலில் விலக்குவது என்பதைக் கூறாத நூல் கட்டளைப் பட்டியலாகவே நின்றுவிடும். 1971ஆம் ஆண்டு வெளிவந்த யூனிக்ஸின் முதற் கையேட்டிலேயே, கட்டளை விளக்கங்களில் அதன் குறைகளைக் கூறும் பகுதியும் இடம்பெற்றிருந்தமை இங்கு நினையத்தக்கது.

தமிழில் ஓர் உரைமாதிரி

து. நித்யாவின் 'எளிய தமிழில் க்னு/லினக்ஸ்' கணியம் வெளியீடாக மின்னூல் வடிவில் கட்டணமின்றிக் கிடைக்கிறது. கட்டளைகளைப் பயன்படுத்துவோர்க்கு அத்தகைய நூல்கள் துணைபுரிகின்றன. அடுத்த படியாக, மூலநிரலுக்கான உரை தமிழில் எழ வேண்டும். யூனிக்ஸ் வழிவந்த இயங்குதளங்களில் உள்ள 'ஃபோர்க்' என்னும் அழைப்புக்கு அது பின்வருமாறு அமையலாம்.

கருத்து: இயங்கிக்கொண்டிருக்கும் செயலாக்கம் ஒன்று, தன்னைப் போன்ற மற்றொன்றைத் தோற்றுவிக்குமாறு கூறுதல் நுதலிற்று.

பதப்பொருள்: செயலாக்கம் என்பது இயக்கத்தில் உள்ள நிரல். ஃபோர்க் என்பது கவை. ஒரு கிளை இரண்டாகக் கவைத்தல் போல, ஒரு செயலாக்கம் தாயும் சேயுமாகப் பிரிதலின் இப்பெயர்த்து.

எடுத்துக்காட்டு: பயனர் ஒரு கட்டளையைத் தட்டச்சிட்டவுடன், கட்டளைகளைப் பெறும் 'ஷெல்' ஃபோர்க் வழியே சேயைத் தோற்றுவிக்கும். சேய் தன் நிரலை நீக்கிப் புதிய கட்டளையின் நிரலை ஏற்று இயங்கும். தாய் அது முடியும்வரை காத்திருக்கும்.

வினா: இரண்டும் ஒரே நிரலின் ஒரே வரியிலிருந்து தொடர்வனவாயின், தாய் எது, சேய் எது என்பது எவ்வாறு அறியப்படும்?

விடை: அழைப்பு திருப்பித் தரும் மதிப்பால் அறியப்படும். தாய்க்குச் சேயின் அடையாள எண்ணும், சேய்க்குச் சுழியமும் கிடைக்கும். சேய் தோன்றாவிடின் அழைத்த செயலாக்கத்திற்கு எதிர்ம ஒன்று கிடைக்கும்.

விசேடம்: நினைவகம் இரண்டிற்கும் தனித்தனியே அமைவதால் ஒன்றின் மாறியில் செய்த மாற்றம் மற்றொன்றில் தோன்றாது. பிரிவதற்குமுன் திறந்திருந்த கோப்பில் வாசிக்கும் இடமோ இரண்டிற்கும் பொதுவானது. லினக்ஸ் நினைவகத்தை உடனே படியெடுப்பதில்லை. இரண்டில் ஒன்று எழுத முற்படும்போதே அப்பகுதியைப் படியெடுக்கும்.

இம்மாதிரியில் கலைச்சொல் தனித்த அகராதிப் பதிவாக வரவில்லை. பொருள் விளங்கும் இடத்திலேயே சொல்லும் வருகிறது. சொல் பொருந்தாதாயின் உரையே அதனைக் காட்டிக்கொடுத்துவிடும்.

முடிவுரை

இயங்குதளக் கல்வியின் வரலாற்றில், மூலமும் உரையும் இணைந்திருந்தபோது கற்றல் ஆழம் பெற்றது. மூலம் மறுக்கப்பட்டபோது கற்போர் படியெடுத்தோ புதிதாக இயற்றியோ அதனை மீட்டுக்கொண்டனர். இன்று எக்ஸ்வி6 போன்ற மூலநிரல்கள் எவரும் பயன்படுத்தத்தக்க உரிமத்தோடு கிடைக்கின்றன. உரையெழுதும் நெறியோ தமிழில் பன்னூற்றாண்டுப் பயிற்சி உடையது. கணினியியல் ஆசிரியரும் தமிழாசிரியரும் கூடி, வரியெண் இட்ட சிறு மூலம் ஒன்றுக்குக் காண்டிகையுரை எழுதுவது முதற்பணியாகலாம். விருத்தி அதன்பின் எழும். கலைச்சொற்கள் முற்றும் முடிவாகும்வரை அப்பணி காத்திருக்க வேண்டுவதில்லை. அச்சொற்கள் நிலைபெறுவதற்கும் அவ்வுரையே வழியாகும்.