சொல்லை மாற்றினால் சொந்த எழுத்தா?

திருவனந்தபுரம் கரமனையில் புராஜெக்டை டைப் செய்து பைண்டு போட்டுத் தரும் கடைகளில், ஆய்வேடு சமர்ப்பிக்கும் பருவம் வந்துவிட்டால் ஒரே பேச்சுதான்: "எப்படியாவது பெர்சன்டேஜைக் குறைச்சுத் தாங்க." பிறர் எழுத்தோடு ஒத்துப்போகும் அந்தச் சதவீதத்தைக் குறைக்க எல்லாருக்கும் தெரிந்த வழி, சொல்லுக்குச் சொல் வேறு சொல் போடுவது. அதைச் சுற்றி வளர்ந்திருக்கும் நம்பிக்கைகளில் சில இங்கே.

நம்பிக்கை: எல்லாச் சொல்லையும் மாற்றிவிட்டால் அது என்னுடையது.

உண்மை: பல்கலைக்கழக மானியக் குழுவின் 2018 விதிமுறைகள், பிறர் படைப்பையோ கருத்தையோ தனதாகக் காட்டுவதைத்தான் கருத்துத் திருட்டு என்கின்றன. சொல் ஒத்துப்போகிறதா என்பது அதைப் பிடிக்க ஒரு தடயம் மட்டுமே. பதிப்புரிமைச் சட்டம் வேறு. ஒரு நாடகத்தைப் பார்த்துப் படம் எடுத்ததாக எழுந்த ஆர்.ஜி. ஆனந்த் வழக்கில் 1978இல் உச்ச நீதிமன்றம், கருத்து எவருக்கும் தனிச் சொத்தல்ல என்று சொல்லிப் படத்தயாரிப்பாளரை விடுவித்தது. ஆனால் அதே தீர்ப்பு, இரண்டையும் பார்த்தவருக்கு 'இது அதன் நகல்தான்' என்று ஐயமறத் தோன்றினால் அது மீறல் என்றும் வரையறுத்தது. அங்கங்கே ஒரு சொல் மாறியிருப்பது அந்தத் தோற்றத்தை அழித்துவிடாது.

நம்பிக்கை: நிகண்டிலேயே ஒரு பொருளுக்குப் பத்துச் சொல் இருக்கிறது, எதைப் போட்டால் என்ன?

உண்மை: திவாகரமும் சூடாமணியும் செய்யுள் எழுதுகிறவர்களுக்குப் பேருதவியாக இருந்தவை. எதுகையோ சீரோ இடறினால் கைகொடுக்கச் சொற்களைத் திரட்டி வைத்தார்கள். யானைக்குக் களிறு, பிடி, வேழம், கரி என்று பல பெயர் உண்டு. ஆனால் களிறு ஆண், பிடி பெண். வேழம் நாணலையும் குறிக்கும். கரியை அடுப்பிலும் போடலாம். 'மதம் பிடித்த யானை' என்பதை மென்பொருளிடம் கொடுத்தால் 'சமயம் பிடித்த வேழம்' என்று வரலாம். இன்னொரு சுற்று விட்டால் 'நேரம் பிடித்த நாணல்'. மலையாளத்தில் இந்த இரண்டு மதங்களுக்கும் எழுத்தே வேறு. தமிழில் ஒரே எழுத்து. பக்கத்துச் சொல்லைப் பார்த்துத்தான் பொருள் கொள்ள வேண்டும். அந்தப் பக்கத்துச் சொல்லையும் மாற்றிவிட்டால் வாசகன் எதைப் பார்ப்பான்?

நம்பிக்கை: இங்கே தமிழும் மலையாளமும் கலந்தே புழங்குகிறோம், அங்கிருந்து ஒரு சொல் எடுத்தால் பொருள் கெடாது.

உண்மை: 'அவசரம்' மலையாளிகளுக்கு வாய்ப்பு, 'வெள்ளம்' குடிக்கும் தண்ணீர், 'சம்சாரம்' பேச்சு. இதற்கு மேல் விளக்க வேண்டியதில்லை.

நம்பிக்கை: மென்பொருள் மாற்றினால் ஒருவருக்கும் தெரியாது.

உண்மை: 2021இல் கீயோம் கபனாக், சிரில் லாபே, அலெக்சாண்டர் மகசினோவ் என்ற மூன்று ஆய்வாளர்கள், வெளியான அறிவியல் கட்டுரைகளில் வினோதமான தொடர்களைக் கண்டார்கள். ஆங்கிலத்தில் செயற்கை நுண்ணறிவு என்று இருக்க வேண்டிய இடத்தில் 'போலி உணர்வு' என்று பொருள்படும் தொடர். மார்பகப் புற்றுநோய் இருக்க வேண்டிய இடத்தில் 'நெஞ்சகத்து ஆபத்து' போல ஒன்று. 'சித்திரவதைக்கு உள்ளான தொடர்கள்' என்று அவற்றுக்குப் பெயர் வைத்தார்கள். ஒளிந்துகொள்ளப் போட்ட வேடமே காட்டிக்கொடுத்தது. கலைச்சொல்லுக்கு மாற்றுச் சொல் தேடுவதைப் போன்ற அபத்தம் வேறில்லை என்பது என் கட்சி.

நம்பிக்கை: வட்டாரச் சொல்லை எடுத்துவிட்டுப் பொதுச்சொல் போட்டால் நடை உயரும்.

உண்மை: திருவனந்தபுரத்துக்காரரான நீல பத்மநாபன் 1968இல் 'தலைமுறைகள்' நாவலை இரணியல் செட்டியார்களின் பேச்சிலேயே கொண்டுவந்தார். அதை யாராவது பொதுத் தமிழுக்கு மாற்றினால் கதை மிஞ்சும். பேசுகிறவர்கள் காணாமல் போவார்கள்.

நம்பிக்கை: வரியை மாற்றாமல் வைத்தால் மாட்டிக்கொள்வோம்.

உண்மை: உரிய அனுமதியோடோ, யாருடையது என்று குறிப்பிட்டோ எடுத்தாளும் மேற்கோளை ஒற்றுமைக் கணக்கில் சேர்க்கக் கூடாது என்கின்றன அதே 2018 விதிமுறைகள். துணைநூற்பட்டியலுக்கும் பொதுவான கலைச்சொற்களுக்கும் அப்படியே விலக்கு. 10 சதவீதம் வரையிலான சிறு ஒற்றுமைக்குத் தண்டனை இல்லை. அதைத் தாண்டி 40 வரை போனால் ஆய்வேட்டைத் திருத்தித் தர வேண்டும். 60ஐத் தாண்டினால் பதிவே ரத்து. கடைக்காரர் இரவெல்லாம் உட்கார்ந்து மாற்றிக்கொடுக்கும் பல வரிகளுக்கு, இரண்டு மேற்கோள் குறியும் எழுதியவர் பெயரும் இருந்திருந்தாலே போதும்.